வெட்டும் கையும் ஒட்டும் கையும்: தமிழ்ப் படத்தொகுப்பில் ஒரு குலவரிசை

நாடகமென்றால் நடிப்பவரையும், கூத்தென்றால் ஆடுபவரையும், திரைப்படமென்றால் அதில் முகங்காட்டுபவரையும் நினைத்துக்கொள்வது உலகத்தார் இயல்பு. அவ்வியல்பைக் குறைகூற நாம் முற்படவில்லை. ஆனால் முல்லைத்தீவுப் பகுதியிலே கோவலன் கூத்தைப் பார்த்து வளர்ந்த எம்மவருக்கு ஒன்று தெரியும். களரியில் ஆடுபவர் ஆடிக்கொண்டிருக்க, ஓரத்தில் நின்று மத்தளத்தையும் தாளத்தையும் ஆட்டக்காரரின் காலடியையும் ஒருசேரக் கவனிக்கும் அண்ணாவியார் ஒருவர் இருப்பார். எந்த வரவு எப்பொழுது களரிக்கு வரவேண்டும், எந்தப் பாட்டை நீட்டவேண்டும், பொழுது விடிவதற்குள் எதைச் சுருக்கவேண்டும் என்பதெல்லாம் அவர் கையிலேயே இருக்கும். திரைப்படத்திலும் அத்தகைய ஒருவர் உண்டு. கூத்தின் அண்ணாவியாரைக் களரியோரத்திலாவது காணலாம். இவரையோ எங்கும் காணமுடியாது. படத் தொடக்கத்தில் எழுத்தோடும்போது ஒரு கணந் தோன்றி மறையும் பெயரொன்றே அவருக்குரிய அடையாளம். எடிட்டர் என்றும் படத்தொகுப்பாளர் என்றும் சொல்லப்படுபவர் இவரே.

தமிழ்த் திரைப்பட உலகில் உறவாலும் தொழிலாலும் ஒரு குலமென்றே சொல்லத்தக்க மூவர் இத்தொழிலைக் கைமாறிக் கைமாறி நடத்தியிருக்கின்றனர். பஞ்சு, பீம்சிங், லெனின் என்போர் அவர்கள். லெனினின் நீண்ட பணியே இக்கட்டுரையின் முதற்பொருள். எனினும் முன்னோர் இருவரையும் சொல்லாமல் அவரைச் சொல்ல வழியில்லை.

முதலில் தொழிலின் தன்மையைச் சிறிது நோக்குவோம். பழைய முறையிலே 35 மில்லிமீற்றர் படச்சுருளில் ஒரு விநாடிக்கு 24 படங்கள் ஓடும். ஓர் அடிக்கு 16 படங்கள்; எனவே ஒரு நிமிடத்திற்கு 90 அடி. ஆயிரம் அடிச் சுருளொன்று பதினொரு நிமிடத்தில் ஓடி முடிந்துவிடும். மூன்று மணி நேரப் படமென்றால் ஏறத்தாழ 16,000 அடி. ஆனால் படப்பிடிப்பில் எடுப்பதோ அதனைப்போற் பல மடங்கு. ஒரே காட்சியைத் தூரத்திலிருந்து ஒருமுறை, கிட்டத்திலிருந்து ஒருமுறை, நடிகர் தவறிவிட்டமையால் இன்னொருமுறை என்று எடுத்துக் குவித்திருப்பார்கள். கதையின் முடிவை முதல்நாளும் தொடக்கத்தைக் கடைசிநாளும் எடுத்திருப்பதும் உண்டு. ஒலியோ வேறொரு சுருளில் இருக்கும். இவை அத்தனையும் ஓர் அறைக்கு வந்து சேரும். அங்கே படத்தொகுப்பாளர் மூவியோலா என்னும் இயந்திரத்தில் சுருளை முன்னும் பின்னும் ஓடவிட்டுப் பார்த்து, வேண்டிய இடத்தில் வெள்ளைப் பென்சிலால் அடையாளமிட்டு, கத்தரிக்கோலால் வெட்டி, ஓரத்தைச் சுரண்டி, பசை தடவி, அடுத்த துண்டோடு ஒட்டுவார். ஒட்டிய துண்டைவிட வெட்டியெறிந்த துண்டுகளே அதிகமாயிருக்கும். கிழிந்த வலையைப் பொத்துகிற மூத்தவரொருவரை எமது கடற்கரையிற் பார்த்திருப்பீர்கள். கண்ணுக்குக் கண் அளவு பிசகாமல் அவர் பொத்தி முடித்தபின், பொத்தியது எந்த இடமென்று கைதேர்ந்தவராலும் கண்டுபிடிக்க முடியாது. படத்தொகுப்பும் அத்தகையதே. நன்றாகச் செய்தால் செய்ததே தெரியாது.

இந்தத் தொழில் வெறும் ஒட்டுவேலையன்று என்பதை உலகுக்கு எடுத்துக்காட்டியவர்கள் ருசிய நாட்டவர். குலெஷோவ் என்பவர் 1920ஆம் ஆண்டையொட்டி ஒரு சோதனை செய்தார். ஒரு நடிகரின் முகத்தை, எவ்வித உணர்ச்சியுங் காட்டாத ஒரே முகத்தை, மூன்று முறை எடுத்துக்கொண்டு, முதலில் ஒரு கிண்ணம் சூப்போடும், பின்பு ஒரு சவப்பெட்டியோடும், அதன்பின் வேறொரு காட்சியோடும் ஒட்டிக் காட்டினார். பார்த்தவர்கள் அந்நடிகர் பசியையும் துயரத்தையும் எவ்வளவு அருமையாக நடித்துக் காட்டினார் என்று பாராட்டினார்களாம்! முகம் மாறவில்லை, பக்கத்தில் வைத்தது மாறியது, அதனாற் பொருள் மாறியது. அந்த ருசிய நாட்டுத் தலைவரின் பெயரையே எமது கட்டுரைத் தலைவரும் தாங்கியிருப்பது ஒரு பொருத்தம்.

இனி வரலாற்றுக்கு வருவோம். கும்பகோணத்துக்கு அணித்தான உமையாள்புரத்திலே 1915ஆம் ஆண்டு பிறந்தவர் பஞ்சாபகேசன் என்னும் பஞ்சு. பேசாப்படக் காலத்திலேயே புகழ்பெற்ற ராஜா சாண்டோவிடம் படத்தொகுப்பு உதவியாளராயிருந்து தொழில் பழகினார். கோயம்புத்தூரிலே படச்சுருளைக் கழுவி எடுக்கும் பகுதியிற் பணிசெய்த கிருஷ்ணன் என்பவரோடு அங்கே அவருக்கு நட்பு உண்டாயிற்று. ஒருவர் சுருளைக் கழுவியவர், மற்றவர் சுருளை வெட்டியவர். இந்த இருவருஞ் சேர்ந்தே பின்னாளில் கிருஷ்ணன்–பஞ்சு என்னும் இரட்டை இயக்குநராயினர். 1944ஆம் ஆண்டு வெளிவந்த அவர்களது முதற்படத்தின் பெயர் 'பூம்பாவை'.

அந்தப் பெயர் சைவப் பிள்ளைகள் யாவருமறிந்தது. மயிலாப்பூரிலே பாம்பு தீண்டி இறந்த மகளின் எலும்பையும் சாம்பரையும் சிவநேசர் ஒரு குடத்தில் இட்டு வைத்திருக்க, திருஞானசம்பந்தப் பெருமான் பதிகம் பாடி அவளை உயிரோடு எழுப்பிய வரலாறு அது. இறந்த காலத்தின் துண்டுகளைச் சேர்த்து நடமாடும் உருவாக்கும் தொழிலில் வளர்ந்தவருக்கு முதற்படம் இப்படி வாய்த்ததை நினைக்கும்போதெல்லாம் எமக்கு வியப்பாகவே இருக்கின்றது.

அவர்கள் புகழை நிலைநாட்டிய படம் 1952ஆம் ஆண்டு தீபாவளியன்று வெளிவந்த 'பராசக்தி'. சிவாஜி கணேசனுக்கு அதுவே முதற்படம், வசனம் மு. கருணாநிதி. அப்படத்தின் பெயர்ப்பட்டியலில் இயக்குநர் என்னுமிடத்தில் கிருஷ்ணன்–பஞ்சு என்றிருக்கும். படத்தொகுப்பு என்னுமிடத்தில் பஞ்சாபி என்றிருக்கும். அந்தப் பஞ்சாபியும் நமது பஞ்சுவே! இயக்குநராகத் தம் பெயரைப் போட்டவர் தொகுப்பாளராக வேறு பெயருக்குள் ஒளிந்துகொண்டார். அவரை ஒரு வடநாட்டவரென்று எண்ணியவர் இருந்திருப்பின் அதில் வியப்பில்லை. அதன் நீதிமன்றக் காட்சியை இன்று பார்ப்போர் வசனத்தையே கேட்கின்றனர். ஆனால் அவ்வளவு நீண்ட பேச்சு சலிப்புத் தட்டாமைக்கு ஒரு காரணம், பேசுகிறவரிடமிருந்து கேட்கிறவரிடம் எப்போது மாறுவது என்பதை அறிந்த கையொன்று அதன் பின்னே இருந்தமைதான். கூண்டில் நிற்பவன் பேசுகிறான். அதைக் கேட்கும் முகங்களை ஒரு கணம் பார்க்கிறோம். மீண்டும் அவனிடம் வருகிறோம். பேச்சு வளர வளர எமது மனமும் வளர்கிறது. எனினும் ஒன்றை ஒளியாமற் சொல்லவேண்டும். அந்தக் காலத்துத் தமிழ்ப்படத்தில் கத்தரிக்கோல் வசனத்துக்கு ஊழியஞ் செய்தது. வசனம் முடியுமுன் வெட்டும் துணிவு எவருக்கும் இருக்கவில்லை.

'பராசக்தி'யைத் தடைசெய்யவேண்டுமென்று தமிழ்நாட்டிற் குரல்கள் எழுந்தன, படம் தப்பியது. எமது நாட்டிலோ கொழும்பு மைலன் தியேட்டரில் ஏறத்தாழ 40 வாரம் ஓடியது. அதே மைலன் தியேட்டரிலேதான் 1947ஆம் ஆண்டு ஜனவரி 21ஆம் நாள் முதற் சிங்களப் பேசும்படமாகிய 'கடவுணு பொறொந்துவ' திரையிடப்பட்டது. அப்படத்தைத் தயாரித்தவர் எஸ். எம். நாயகம் என்னும் தமிழர்; எடுத்த இடம் மதுரைச் சித்திரகலா மூவிடோன். ஆக, இந்த நாட்டின் தேசியத் திரைப்படக் கலையானது கடலுக்கு அப்பால், தமிழ்நாட்டு ஸ்டூடியோவொன்றிலே பிறந்தது என்பது மறுக்கவியலாத வரலாறு. அது தன் காலில் நிற்கத் தொடங்கியது 1956இல் வெளிவந்த 'ரேகாவ' படத்தோடு. அரசாங்கப் படப் பிரிவை விட்டு வெளியேறிய லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸ் இயக்க, வில்லியம் பிளேக் படம்பிடிக்க, ரைற்றஸ் தொட்டவத்தை தொகுத்தார். ஸ்டூடியோக் கூடாரத்தை விட்டுக் கிராமத்து வெயிலில் எடுத்த படமது. பின்னர் லண்டனிலே இத்தொழிலைக் கற்றுவந்த சுமித்திரா குணவர்த்தன என்னும் பெண்மணி 'கம்பெரலிய' படத்தைத் தொகுத்தார். அப்படம் 1965ஆம் ஆண்டு புதுடில்லி உலகப்பட விழாவிலே தங்கமயில் விருதைப் பெற்றது. லெஸ்டரின் மனைவியாகிப் பின்பு தாமே இயக்குநராகவும் விளங்கிய சுமித்திரா பீரிஸ் 2023 ஜனவரியிற் காலமானார்.

ஈழத்துத் தமிழ்ப்படங்களுக்கு இந்தப் பேறு வாய்க்கவில்லை. 'குத்துவிளக்கு' 1972இலும், தர்மசேன பத்திராஜ இயக்கிய 'பொன்மணி' 1977இலும், 'வாடைக்காற்று' 1978இலும் வந்தன. நல்ல முயற்சிகள், ஆனால் தொடர்ச்சியில்லை. ஒரு தொகுப்பறையில் ஒருவர் இருபதாண்டு இருந்து தொழில் பழகி, இன்னொருவருக்குப் பழக்கிவிட இங்கே வாய்ப்பிருக்கவில்லை. அதன்மேல், 1983 ஜூலையில் கே. குணரத்தினத்துக்குச் சொந்தமான ஹெந்தளை விஜயா ஸ்டூடியோ தீக்கிரையாக்கப்பட்டபோது அங்கிருந்த பல படங்களின் நெகடிவ்களும் சாம்பராயின. அவற்றுட் பெரும்பாலானவை சிங்களப் படங்கள் என்பதும் குறிப்பிடத்தக்கது. தீ மொழி பார்ப்பதில்லை. ஈழத்துத் தமிழ்ப்படங்கள் பலவற்றின் பிரதிகளையும் இன்று காண்பதரிது. 1984ஆம் ஆண்டு இறுதியில் கொக்கிளாயையும் அயற்கிராமங்களையும் விட்டு எழும்பிய எமது பெரியோருக்கு, ஒரு வாழ்வின் சுருளிலே நடுப்பகுதி இல்லாமற் போவது எத்தகையது என்பதை நாம் விளக்கவேண்டியதில்லை.

விட்ட இடத்துக்குத் திரும்புவோம். கிருஷ்ணன்–பஞ்சுவிடம் 1940களின் பிற்பகுதியிலே உதவித் தொகுப்பாளராகச் சேர்ந்த இளைஞர்களுள் ஒருவர் ஏ. பீம்சிங். 1924ஆம் ஆண்டு பிறந்தவர். தொழிலிற் சேர்ந்த வீட்டிலேயே உறவும் சேர்ந்தது. கிருஷ்ணனின் தங்கையை மணந்தார். 1954இல் 'அம்மையப்பன்' படத்தோடு இயக்குநரானார். பிறகு 'ப' என்னும் எழுத்திலே தொடங்கும் பெயர்களாகத் தேடித் தேடி வைத்து, 'பதிபக்தி', 'பாகப்பிரிவினை', 'படிக்காத மேதை' என்று குடும்பக்கதைகளை வரிசையாகத் தந்தார். 1961ஆம் ஆண்டு ஒன்றிலே மாத்திரம் 'பாவமன்னிப்பு', 'பாசமலர்', 'பாலும் பழமும்' என்னும் மூன்றும் வந்தன. இக்காலத்து இயக்குநரொருவர் ஓராண்டில் ஒரு படத்தை முடிக்கவே மூச்சுத் திணறுகிறார்!

'பாசமலர்' படத்தைப் பற்றிச் சிறிது விரித்துச் சொல்லவேண்டும். அதனை இயக்கிய பீம்சிங்கே தொகுப்பிலும் கைவைத்தவர். பிரிந்துபோன அண்ணனும் தங்கையும் வெவ்வேறிடத்திலிருந்து தத்தம் குழந்தையைத் தாலாட்டும் பாட்டொன்று அப்படத்தில் உண்டு. எமது தாய்மார் அநேகருக்கு அது மனப்பாடம். பாட்டு ஒன்று, தாலாட்டும் இடமோ இரண்டு. ஒரு வரிக்கு அண்ணன் முகம், மறுவரிக்குத் தங்கை முகம். இருவரும் ஒருவரையொருவர் பார்ப்பதில்லை, பேசுவதில்லை. ஆனால் பார்ப்பவருக்கு, இடையிலிருக்கும் தூரத்தைத் தாண்டி ஒருவருக்கொருவர் பதில் சொல்வதாகவே தோன்றும். இரண்டு இடங்களை அருகருகே வைத்தவுடன் மூன்றாவதாக ஒன்று பிறக்கின்றது. அந்த மூன்றாவது ஒட்டிலேதான் இருக்கிறது, ஒட்டப்பட்ட இரண்டிலும் இல்லை. குலெஷோவ் சோதனைச்சாலையிற் காட்டியதைப் பீம்சிங் ஒரு தாலாட்டிலே காட்டிவிட்டார். அந்தப் படத்தைப் பார்த்து அழுதவர்கள் சிவாஜிக்காகவும் சாவித்திரிக்காகவும் அழுததாகவே எண்ணினர். அது முழுதும் பொய்யென்று சொல்லமாட்டோம்.

பீம்சிங் அளவுமீறி அழவைத்தவர் என்று பிற்காலத்து விமரிசகர் சிலர் கூறுவர். அதிலும் உண்மையுண்டு. ஆனால் வாழ்வின் இறுதிக்காலத்திலே அவர் அவ்வழியை விட்டு விலகி, ஜெயகாந்தனின் 'சில நேரங்களில் சில மனிதர்கள்' நாவலை 1977இல் அடக்கமான ஒரு படமாக்கினார் என்பதையும் சேர்த்துச் சொல்லவேண்டும். அப்படத்தில் நடித்த லட்சுமிக்கு இந்தியத் தேசிய விருது கிடைத்தது. மறு ஆண்டின் தொடக்கத்தில் பீம்சிங் மறைந்தார். வயது ஐம்பத்து மூன்று.

அவருடைய மைந்தருள் இருவர் தந்தையின் தொழிலைப் பங்கிட்டுக்கொண்டனர் எனலாம். பி. கண்ணன் கமராவை எடுத்தார். பாரதிராஜாவின் படங்களிலே கிராமத்தைக் காட்டிய கண் அவருடையது. பி. லெனின் கத்தரிக்கோலை எடுத்தார்.

லெனின் தொகுத்த படங்களுள் எமது மதிப்பீட்டில் முதலிடம் பெறுவது, மகேந்திரன் இயக்கத்தில் 1979இல் வந்த 'உதிரிப்பூக்கள்'. புதுமைப்பித்தனின் 'சிற்றன்னை'யை அடியாகக் கொண்ட கதை. கொடியவனொருவனை அவ்வூரார் ஆற்றங்கரைக்குக் கொண்டுவந்து நிறுத்தும் இறுதிக்காட்சியை நினைவுகூர்க. 'பராசக்தி' காலத்துப் படமாயின் அங்கே பத்து நிமிடம் வசனம் முழங்கியிருக்கும். இங்கே பேச்சு மிகச் சில. ஊராரின் முகங்கள், ஆறு, ஏதுமறியாத குழந்தைகள். பஞ்சு காலத்தில் வசனத்துக்கு ஊழியஞ் செய்த கத்தரிக்கோல் மூன்றாந் தலைமுறையில் மௌனத்தைக் காக்கும் காவலாயிற்று. முப்பதாண்டுகளுக்கிடையில் தமிழ்ப்படம் கடந்த தூரத்தை அளக்க விரும்புகிறவர் இந்த இரண்டு இறுதிக்காட்சிகளையும் அடுத்தடுத்துப் பார்த்தாற் போதும்.

இவ்விடத்தில் எமது மண்ணுக்குரிய ஒருவரையும் நினைக்காமலிருக்க முடியாது. மட்டக்களப்பு அமிர்தகழியிலே 1939ஆம் ஆண்டு பிறந்த பாலு மகேந்திரா, கித்துல்கலவில் 'குவாய் நதிப் பாலம்' என்னும் ஆங்கிலப் படத்தின் படப்பிடிப்பைப் பள்ளிச் சிறுவனாகக் கண்டு இத்தொழிலில் மையல் கொண்டவர் என்பர். மகேந்திரனின் 'முள்ளும் மலரும்' படத்துக்கு ஒளிப்பதிவு செய்தவர் அவர். பின்பு தாமே இயக்கிய படங்களைத் தாமே தொகுக்கலானார். 1988இல் வந்த அவரது 'வீடு' படத்திலே பாட்டே இல்லை. அரைகுறையாய் எழும்பிய வீட்டுக்குள் முதியவரொருவர் தனியே நடந்து, சுவரைத் தொட்டுத் தொட்டுப் பார்க்கும் காட்சி வரும். அவசரப்பட்ட ஒருவர் அதை நான்கு இடத்தில் வெட்டியிருப்பார். வெட்டாமல் விடுவதும் தொகுப்பாளரின் வேலையே.

லெனினின் தொழில்வாழ்வில் அடுத்த கட்டம் வி. டி. விஜயனோடு சேர்ந்து இரட்டையராய் இயங்கிய காலம். கிருஷ்ணன்–பஞ்சு என்றாற்போல லெனின்–விஜயன் என்ற பெயரும் படத்துக்குப் படம் திரையிலே வந்தது. மணிரத்தினத்தின் 'மௌனராகம்' 1986இலும் 'நாயகன்' 1987இலும் இவர்கள் கைப்பட்டவை. 'நாயகன்' ஒரு மனிதனின் சிறுபராயந் தொட்டு முதுமை வரையுள்ள வாழ்வை ஏறத்தாழ இரண்டரை மணி நேரத்துட் சொல்வது. இத்தகைய கதையிலே கடினமானது எதைச் சொல்வதென்பதன்று. எத்தனை ஆண்டைச் சொல்லாமற் தாண்டுவதென்பதே. தாண்டிய இடம் பார்ப்பவருக்குக் குழியாகத் தோன்றினாற் கதை நொறுங்கிவிடும். குழி தோன்றாமல் தாண்டவைத்தனர் இவ்விருவரும். 2005ஆம் ஆண்டு அமெரிக்க நாட்டு 'டைம்' சஞ்சிகை உலகின் சிறந்த நூறு படங்களைத் தெரிந்தபோது 'நாயகன்' அதில் இடம்பெற்றது. பத்திரிகைகள் நடிகரையும் இயக்குநரையும் கொண்டாடின. முறையே!

பின்பு ஷங்கர் இயக்கிய 'ஜென்டில்மேன்', 'காதலன்', 'இந்தியன்' போன்ற பெரும்பொருட் படங்கள் வந்தன. 1994ஆம் ஆண்டுக்குரிய தேசிய விருது, 'காதலன்' படத்தின் தொகுப்புக்காக லெனினுக்கும் விஜயனுக்கும் வழங்கப்பட்டது. எமது பெரியோரிற் பலர் இந்தக் காலத்துப் பாட்டுக்காட்சிகளைக் கண்டு முகஞ்சுழிப்பர். கண்ணிமைக்குமுன் ஒரு துண்டு, மூச்செடுக்குமுன் இன்னொரு துண்டு. ஆடுகிறவரின் காலைப் பார்ப்பதற்குள் தலை வந்துவிடுகிறது, தலையைப் பார்ப்பதற்குள் மலை வந்துவிடுகிறது என்பது அவர் குறை. பிரபுதேவாவைப்போலக் காலே கலையான ஒருவரைத் துண்டு துண்டாய்க் காட்டுவது தகுமோ என்ற கேள்வி நியாயமானது. 'உதிரிப்பூக்க'ளின் அமைதியைக் காத்த அதே கைதான் இந்த வேகத்துக்கும் உதவியது என்பதையும் மறைக்கவேண்டியதில்லை. தொழிலாளிக்கு இரண்டு வேகமும் தெரிந்திருந்தன. சந்தை ஒன்றைக் கேட்டது.

அந்தக் காலத்திலேயே தொழிற்கருவியும் மாறத் தொடங்கிற்று. 1990களின் நடுப்பகுதியிலிருந்து மூவியோலாவின் இடத்தைக் கணினி பிடித்தது. கத்தரிக்கோலும் பசையும் சுருள் தொங்கவிடும் பெட்டிகளும் மெல்ல மெல்ல அகன்றன. வெட்டியது பிழையென்றால் முன்பு ஒவ்வொரு துண்டாய்த் தேடியெடுத்து மீண்டும் ஒட்டவேண்டும். ஆகவே வெட்டுமுன் பத்துமுறை யோசிப்பார்கள். கணினியில் வெட்டியதை ஒரு நொடியில் மீட்கலாம்; ஆகவே யோசனைக்கு முன்னே வெட்டு வந்துவிடுகிறது. வேகத்துக்குச் சந்தையோடு கருவியும் ஒரு காரணமென்பது எமது கருத்து.

இரண்டு கருவியிலும் தேர்ந்த இன்னொருவர் ஏ. ஸ்ரீகர் பிரசாத். அவருடைய தந்தை அக்கினேனி சஞ்சீவியும் படத்தொகுப்பாளரே. இத்தொழில் குலத்தொழிலாய் வருவதற்கு இது மற்றுமோர் எடுத்துக்காட்டு. 2002இல் அவர் தொகுத்த 'கன்னத்தில் முத்தமிட்டால்' எமது வன்னிக்கு நெருங்கியது. கதை மாங்குளத்திலே தொடங்குகிறது. போரின் நடுவே பெற்ற தாயைத் தேடி வரும் சிறுமியைப் பற்றியது. படம் இங்கே எடுக்கப்பட்டதன்று. அதிற் பேசப்படும் தமிழும் பல இடங்களில் எமது வழக்கன்று. அந்தக் குறைகளை நாம் அறிவோம். ஆயினும் இறுதியில் தாயும் மகளும் சந்திக்கும்போது, பிள்ளை கேட்கும் கேள்விகளுக்கும் தாயின் முகத்துக்குமிடையே விடப்பட்ட இடைவெளி இருக்கிறதே, அதிலே எவ்வித வழக்குப் பிழையுமில்லை. தொகுப்புக்கான தேசிய விருது உட்பட ஆறு தேசிய விருதுகளை அப்படம் பெற்றது.

இனி லெனினைப் பற்றிச் சொல்ல எஞ்சியிருப்பது, பெரும்பொருட் படங்களின் நடுவிலே அவர் தமக்கென்று செய்துகொண்டவை. 1992இல் 'நாக் அவுட்' என்னும் குறும்படத்தை இயக்கினார். குத்துச்சண்டை வீரனொருவனைப் பற்றிய சின்னஞ்சிறு படம் அது. பாட்டுமில்லை, நட்சத்திர நடிகருமில்லை. கொட்டகைகளில் ஓடுவதற்கு வழியில்லாத இப்படிப்பட்ட படங்களைத் தமிழில் அக்காலத்தில் எடுப்பார் அரியர். அது தேசிய விருது பெற்றது. ஒரு பக்கம் 'ஜென்டில்மேன்', மறுபக்கம் 'நாக் அவுட்'. ஒன்றிலே வந்த ஊதியம் மற்றொன்றுக்குத் தைரியம் தந்திருக்குமென்று நினைக்க இடமுண்டு.

அதன்பின் ஜெயகாந்தனின் 'ஊருக்கு நூறு பேர்' நாவலைப் படமாக்க முன்வந்தார். மரணதண்டனை தகுமா என்ற கேள்வியை எழுப்பும் கதை. இத்தகைய கதைக்குக் கொட்டகையில் வரவேற்பிராது என்பது படத்தொழிலிலே ஆயுளைக் கழித்தவருக்குத் தெரியாததன்று. தந்தை கடைசிக் காலத்திலே ஜெயகாந்தனிடம் போனதுபோல மகனும் போனார். இடையிலே இருபத்து நான்கு ஆண்டுகள். 2001ஆம் ஆண்டுக்குரிய தேசிய விருதுகள் அறிவிக்கப்பட்டபோது, சிறந்த தமிழ்ப்படம் அதுவே என்று தெரிவாயிற்று. சிறந்த இயக்குநர் விருதும் அதற்கே. நாடெங்குமுள்ள இயக்குநர் அனைவருக்கும் பொதுவான அந்த விருதைப் பெற்றவர், மற்றவர் எடுத்த படங்களை இருட்டறையில் உட்கார்ந்து வெட்டி ஒட்டிக்கொண்டிருந்த தொகுப்பாளர் லெனின்.